கலிங்கறியாக் கல்வி

மண் ஒரு நாட்டின் உடல். நீர் அதன் குருதி. மொழி அதன் உயிர். இம்மூன்றனுள் ஒன்றைக் காப்பேன், மற்றொன்றைக் கைவிடுவேன் என்பான் மூன்றனையும் இழப்பான். இவ்வெளிய உண்மை தமிழ்நாட்டுக் கல்வித்துறைக்கு இன்னும் விளங்கவில்லை. மண்ணையும் நீரையும் காக்கப் பிள்ளைகளுக்குக் கற்பிக்கின்றோம் என்று மார்தட்டிக்கொள்ளும் அத்துறை, அவ்விரண்டையும் காத்துவந்த மொழியைப் பள்ளியின் வாயிலுக்கு வெளியே நிறுத்திவிட்டது.

ஏரிக்கரையை ஒட்டியதொரு பள்ளியை எண்ணிப் பார்க்க. சாளரத்தைத் திறந்தால் கரை தெரியும். கரைமேல் நிற்கும் பனைகள் தெரியும். கார்த்திகைத் திங்களில் ஏரி நிரம்பிக் கலிங்கு வழியும் ஓசையும் கேட்கும். ஓசை இடையூறாக இருக்கின்றதென்று சாளரத்தை அடைத்துவிட்டு, ஆசிரியர் கரும்பலகையில் 'வாட்டர் கன்சர்வேசன்' என்று எழுதுகின்றார். நீரைக் காக்கும் வழிகள் ஐந்தைப் பிள்ளைகள் நெட்டுருச் செய்கின்றனர். பல் துலக்குங்கால் குழாயை மூடுக என்பது அவற்றுள் முதலாவது. அப்பிள்ளைகளுள் எத்தனை பேர் வீட்டிற் குழாய்நீர் நாள்தோறும் வருகின்றதென்று கேட்பார் எவருமிலர். அவர்களுள் ஒருவனை அழைத்து, "வெளியே வெள்ளமாய் வழிகின்றதே, அவ்விடத்திற்குப் பெயர் என்ன?" என்று வினவினால் திருதிருவென்று விழிப்பான். அவன் பாட்டனுக்கு அது கலிங்கு. அவன் தந்தைக்கு அது 'தண்ணி போற இடம்'. அவனுக்கோ அதற்குப் பெயரே இல்லை. பெயரில்லாத ஒன்றை நாளை ஒருவன் மண் கொட்டி அடைத்து மனையாக்கி விற்றால், தடுப்பார் யார்? இன்னதை அடைத்துவிட்டான் என்று முறையிடுதற்கேனும் ஒரு சொல் வேண்டுமன்றோ?

சட்டத்திற்கும் ஆணைக்கும் இங்குக் குறைவில்லை. சுற்றுச்சூழற் கல்வியைப் பள்ளிகளிற் புகுத்துமாறு 1991-இல் இந்திய உச்ச அறமன்றம் பணித்தது. 2003-இல் அதனைக் கட்டாயப் பாடமாக்குமாறு மீண்டும் வற்புறுத்தியது. பள்ளிகளில் 2001 முதல் பசுமைப்படை என்று ஒன்றும் இயங்குகின்றது. மார்ச்சு 22 உலக நீர் நாள். திசம்பர் 5 உலக மண் நாள். அந்நாள்களில் ஊர்வலம் உண்டு. ஓவியப் போட்டி உண்டு. மரக்கன்றைச் சுற்றி நின்று படமெடுப்பதும் உண்டு. மறுநாள் வரத்துக்காலில் நெகிழிக் குப்பை அப்படியே கிடக்கின்றது. கன்றுக்கு நீரூற்றுவாரும் இலர். ஆண்டிறுதியில் இரண்டு மதிப்பெண் வினா ஒன்றிற்கு விடையெழுதியதோடு மண்ணும் நீரும் மாணவர் உள்ளத்தினின்று விடைபெற்றுக்கொள்கின்றன.

தமிழ்ப்பாடத்தில் ஒன்றுமே இல்லையென்று சொல்லிவிடுவது முறையன்று. 2018-இல் வந்த ஒன்பதாம் வகுப்புத் தமிழ்நூலில் நீர்நிலைகளைப் பற்றிய உரைநடைப் பாடம் இடம்பெற்றது. நீர்நிலைகளைப் பெருக்குமாறு பாண்டியன் நெடுஞ்செழியனுக்குக் குடபுலவியனார் அறிவுறுத்திய புறப்பாட்டும் உடன் இடம்பெற்றது. இவை வரவேற்கத்தக்கனவே. ஆயினும் நடப்பது என்ன? தமிழாசிரியர் அதனைச் செய்யுளாக நடத்தி, அருஞ்சொற்பொருள் எழுதவைத்து முடித்துவிடுகின்றார். அடுத்த பாடவேளையில் வரும் அறிவியலாசிரியர் அதே நீரை வேறொரு மொழியில், வேறொரு பொருளாகக் கற்பிக்கின்றார். பாட்டில் வந்த நீர் தேர்வுக்கு. அறிவியலில் வந்த நீர் வேலைக்கு. ஊரில் நிற்கும் நீர் ஒருவருக்குமன்று!

இப்பிளவே நோயின் வேர். சொல் என்பது பொருளின்மேல் ஒட்டிய வெற்றுச் சீட்டன்று; பொருளைக் கையாளும் கருவி. ஏரி என்பது தண்ணீர் நிற்கும் பள்ளமன்று. பல உறுப்புகள் இயைந்ததோர் உடம்பு. வரத்துக்கால், கரை, மதகு, மடை, தூம்பு, கலிங்கு, வாய்க்கால், வரப்பு என்று அவ்வுறுப்பு ஒவ்வொன்றிற்கும் தமிழன் பெயரிட்டான். ஒவ்வொரு பெயருள்ளும் ஒரு கட்டளை அடங்கியுள்ளது. வரத்துக்கால் என்னும்போதே, 'இதன் வழியே ஏரிக்கு வரத்து உண்டு. இதனை மறிக்காதே' என்பது பெறப்படும். ஊருணி என்னும்போதே, 'இஃது ஊர் உண்ணும் நீர். இதிற் கால் கழுவாதே' என்பது பெறப்படும். வடபகுதியிற் கலிங்கு என்பதனைத் தென்பகுதியில் மறுகால் என்பர். மேலேரியின் கலிங்கு வழிந்த நீரே கீழேரிக்கு வரத்துநீர். கீழேரியின் கலிங்கு அதற்கடுத்த ஏரிக்கு வரத்து. இத்தொடர்ச்சியை ஒரு பிள்ளை ஒருமுறை கரைமேல் நடந்து கண்டுவிட்டால், ஓரிடத்தில் அடைத்தால் கீழுள்ள ஊர்களெல்லாம் வறளும், மேலுள்ள ஊர் மூழ்கும் என்பது அவனுக்கு வாழ்நாள் முழுவதும் மறவாது. எந்த ஐந்து வழிகளை நெட்டுருச் செய்தாலும் இவ்வறிவு வாராது.

மண்ணுக்கும் அப்படியே. பழைய ஏரிகளிற் குமிழித்தூம்பு என்றொரு கல்லமைப்பு உண்டு. அதில் நீரோடித் துளை என ஒன்றும், அதன் கீழே சேறோடித் துளை எனச் சிறியனவும் அமைத்தனர். தூம்பைத் திறந்தால் நீரோடு அடியிற் படிந்த வண்டலும் கலங்கி வெளியேறிக் கழனிக்குச் செல்லும். ஏரியும் தூராது, நிலத்திற்கும் எருவாகும். மண்காப்பும் நீர்காப்பும் இருவேறு பாடங்களல்ல, ஒன்றே என்பதனை இரண்டு துளைகளில் எழுதிவைத்தான் பழந்தமிழ்க் கல்தச்சன். கரிசல், செவல், வண்டல், களர், உவர், தேரி, படுகை என்று மண்ணின் இயல்பறிந்து இட்ட பெயர்கள் இன்னும் உழவர் வாயில் உள்ளன. கரிசற்காட்டுப் பிள்ளையோ தன் காலில் ஒட்டிய மண்ணுக்கு 'ரீகர்' என்று ஒரு பெயர் படிக்கின்றான். அது தெலுங்குச் சொல்லொன்றை ஆங்கிலர் திரித்துக்கொண்டது. அம்மண் கோடையில் ஏன் பாளம்பாளமாய் வெடிக்கின்றது, மழையில் ஏன் வீங்கி மூடுகின்றது, மழை நின்றபின்னும் ஈரத்தை எங்ஙனம் நெடுநாள் பிடித்துவைக்கின்றது என்பவற்றை அவன் தந்தையின் காட்டிலேயே காட்டிக் கற்பிக்கலாம். கற்பிப்பார் இலர்.

ஆங்கிலத்திற் கற்றாலன்றி அறிவியல் ஏறாது என்பார்க்கு ஒரு வரலாறு சொல்லவேண்டும். 1886-இல் யூல், பர்னல் என்னும் இருவர் தொகுத்த சொற்களஞ்சியம் வெளிவந்தது. இந்நாட்டில் ஆங்கிலர் வழங்கிய சொற்களை விளக்கும் அதில் 'கலிங்குலா' என்றொரு சொல் இருக்கின்றது. தென்னாட்டு நீர்ப்பாசன அறிக்கைகளில் அது பெரிதும் வழங்கியது. வேறொன்றுமன்று, தமிழ்க் கலிங்கலே அது! கடல்கடந்து வந்த பொறிஞனுக்கு ஏரியைச் செப்பனிடத் தமிழ்ச்சொல் வேண்டியிருந்தது. அவன் நாணமின்றிக் கற்றுக்கொண்டான். அவன் போன பின்னர், அந்த ஏரிக்கரையிலேயே பிறந்த பிள்ளை 'சர்ப்ளசு வியர்' என்று படித்துக்கொண்டிருக்கின்றான்.

மற்றொன்றுங் காண்க. சரிவான நிலத்திற் குறுக்கே வரிசையாக நட்டால், ஓடும் நீரின் விரைவைத் தணித்து மண்ணைப் பிடித்து நிறுத்தும் புல் ஒன்று உண்டு. அதன் வேர் பக்கவாட்டிற் பரவாமல் நேர்கீழே ஆழமாக இறங்கும். 1980-களில் உலக வங்கி இப்புல்லை நாடுதோறும் பரப்ப முனைந்தது. 1993-இல் அமெரிக்க நாட்டு ஆராய்ச்சி மன்றம் இதனைப் பற்றித் தனிநூலே வெளியிட்டது. அப்புல்லின் பெயர் ஆங்கிலத்தில் 'வெட்டிவர்'. தமிழ் வெட்டிவேர் பிரெஞ்சு வழியாக ஆங்கிலம் புகுந்த வரலாற்றை உலகம் அறியும். ஆங்கில வழியிற் படிக்கும் தமிழ்ப்பிள்ளை மட்டும் அதனை மேனாட்டுப் புல்லென்று எண்ணி எழுத்துக்கூட்டிப் படிக்கின்றான். தன் பாட்டி பானைநீரில் இட்டுவைத்த வேர்தான் அஃதென்று அவனுக்குச் சொல்வாரில்லை. உலகத்திற்கு மண்காக்கும் சொல்லைத் தந்த இனம் தன் பிள்ளைக்கு அச்சொல்லைக் கடன்வாங்கிக் கொடுக்கின்றது. இதனினும் இரங்கத்தக்க நிலை வேறு யாது?

ஆங்கிலம் ஒருபுறம் பறித்தது போதாதென்று மறுபுறம் இந்தி வந்து நிற்கின்றது. 2019-இல் நடுவணரசு நீருக்கென வகுத்த அமைச்சின் பெயர் 'சல் சக்தி'. வீடுகளுக்குக் குழாய்நீர் தரும் திட்டம் 'சல் சீவன் மிசன்'. 2022-இல் மாவட்டத்திற்கு 75 நீர்நிலைகளைச் சீர்செய்யத் தொடங்கிய திட்டம் 'அம்ரித் சரோவர்'. குளம், குட்டை, ஏரி, தாங்கல், ஏந்தல், கண்மாய், ஊருணி, கேணி, கூவல், இலஞ்சி, கயம் என்று நீர்நிலைக்கு இத்தனை பெயர் வைத்திருக்கும் ஒரு மொழியின் நாட்டில், குளம் தோண்ட 'சரோவர்' வேண்டுமா? நீருக்குப் பணம் தருகின்றார்கள், பெயரிலென்ன என்று சிலர் கேட்பர். பெயரில் ஒன்றுமில்லையாயின், அவர்கள் தமிழ்ப்பெயரை இட்டுப் பணம் தரட்டுமே! அதற்கு மட்டும் ஏன் மனம் வருவதில்லை?

இவற்றின் விளைவை நாடு கண்டது. தமிழ்நாட்டில் ஏறத்தாழ 39,000 ஏரிகள் உள. ஆண்டுக்கு ஏறத்தாழ 920 மில்லிமீட்டர் மழை பெய்கின்றது. அதில் ஏறக்குறையப் பாதி, வடகிழக்குப் பருவக்காற்றில் சில கிழமைகளுக்குள் கொட்டித் தீர்வது. அவ்வாறு கொட்டுவதைத் தேக்கிவைத்து ஆண்டு முழுவதும் உண்பதற்கென்றே அத்தனை ஏரிகள் எழுந்தன. 2015-இற் சென்னை வெள்ளத்தில் மூழ்கியது. நான்கே ஆண்டு கழிந்து, 2019 சூலையில், அதே சென்னைக்குச் சோலையார்பேட்டையிலிருந்து தொடர்வண்டியில் நீர் வந்தது. முதல் வண்டி கொணர்ந்தது 25 இலக்கம் இலிட்டர். மூழ்கிய ஊரே தாகத்தால் வாடியதற்கு வானம் மட்டும் பொறுப்பன்று. வரத்துக்காலையும் கலிங்கையும் மறந்த கல்வியும் பொறுப்பாகும். வெள்ளக்காட்டில் மனைப்பிரிவு வகுத்தவர் எவரும் பள்ளி காணாதவரல்லர், பட்டங்கள் பெற்றவரே. திருநெல்வேலியில் வேய்ந்தான்குளம் பேருந்து நிலையமாயிற்று. மதுரையில் உலகனேரியில் உயர் அறமன்றக் கிளை எழுந்தது. படித்தவர் கூடி ஆய்ந்து எடுத்த முடிவுகளே இவையெல்லாம்.

பிறரைக் குறைகூறும் வாய் தன் வீட்டுக் குறையையும் சொல்லவேண்டும். 1976-இல் திறக்கப்பெற்ற வள்ளுவர் கோட்டம் நிற்கும் இடம் முன்னர் நுங்கம்பாக்கத்து ஏரி. கடவுள் வாழ்த்திற்கு அடுத்தபடியாக வான்சிறப்பை வைத்த பேராசானுக்கு, ஏரி இருந்த இடத்திற் கோட்டம் எடுத்தோம் என்பதனைத் தமிழன்பர் எவரும் பெருமையாகச் சொல்லிக்கொள்ள இயலாது. தமிழ்ப்பெயர் இட்டுவிட்டால் தமிழ் காத்ததாகிவிடாது. பெயர்ப்பலகையைத் தூய்மை செய்துவிட்டு, அப்பலகை நடப்பட்ட மண்ணைக் கைவிடுவது அரைத்தொண்டே. மொழித்தூய்மை வேண்டுவார் நீர்த்தூய்மையும் வேண்டுவாராகுக.

இன்னுமொரு குற்றம் உண்டு. அது மிகக் கொடியது. ஏரியின் அறிவு நூல்களில் மட்டும் வாழவில்லை. மனிதர் சிலரிடம் வாழ்ந்தது. நீர்க்கட்டி என்றும், நீராணிக்கர் என்றும், நீர்பாய்ச்சி என்றும் ஊர்தோறும் வழங்கப்பெற்ற அவர்கள், எந்த மடையை எப்பொழுது எவ்வளவு திறப்பது, கடைக்கழனிக்கு நீர் எட்ட எத்தனை நாழிகை ஆகும், கரையில் எவ்விடம் கசியும் என்பவற்றையெல்லாம் கைவரப் பெற்றவர்கள். அவர்களுட் பெரும்பாலோர் ஒடுக்கப்பட்ட மக்கள். அவர்கள் திறந்துவிட்ட நீரிற் பயிர் விளைத்தோர், அவர்களைக் கிணற்றடிக்கு வரவிடவில்லை. உத்தரமேரூர்க் கல்வெட்டுகள் ஏரி வாரியத்தைச் சொல்கின்றன, பத்தாம் நூற்றாண்டிலேயே ஏரிக்கெனத் தனிக்குழு கண்ட பெருமையைப் பள்ளிகள் கற்பிக்கின்றன, கற்பிக்கட்டும். ஆயின் அவ்வாரியம் பார்ப்பன ஊரவையின் வாரியம் என்பதனையும், ஏரியை வெட்டிய கைகளுக்கு அதில் இடமில்லை என்பதனையும் சேர்த்துக் கற்பிக்கவேண்டும். இன்று நீர்க்கட்டியின் மகன் பள்ளிக்கு வருகின்றான். தன் தந்தையின் தொழிலைச் சொல்ல நாணுகின்றான். அவன் நாணுமாறு செய்தது சாதி. அந்நாணத்தை நீக்காமல் விட்டது கல்வி. அத்தந்தையை ஒருநாள் வகுப்பிற்கு அழைத்து நாற்காலியில் அமர்த்தி, "ஐயா, ஏரியைப் பற்றிச் சொல்லுங்கள்" என்று தலைமையாசிரியர் கேட்டிருந்தால், ஒரே நாளில் மூன்று பாடம் நடந்திருக்கும்: நீர்ப்பாடம், தமிழ்ப்பாடம், மாந்தப்பாடம்.

இவையெல்லாம் பழம்பெருமை, இற்றை அறிவியலுக்கு உதவா என்று சில பட்டதாரிகள் நகைக்கின்றனர். பழமையை மட்டும் கற்பிக்கச் சொன்னவர் யார்? இற்றை அறிவியலையே கற்பியுங்கள், தமிழிற் கற்பியுங்கள், ஏரிக்கரையிற் கற்பியுங்கள் என்பதே கோரிக்கை. அதற்குப் பெரும்பொருள் வேண்டா. இரண்டு தட்டுகளில் மண் இட்டு, ஒன்றிற் புல் வளர்த்து, மற்றொன்றை வெறுமையாக விட்டு, இரண்டையும் ஒரே சாய்வில் வைத்து நீர் தெளித்தால், எதிலிருந்து கலங்கல் வழிகின்றது, எதிலிருந்து தெளிநீர் கசிகின்றது என்பதனை ஆறாம் வகுப்புப் பிள்ளை கண்ணாரக் காண்பான். கண்ணாடிக் குப்பியில் ஊர்மண்ணை இட்டு நீரூற்றிக் குலுக்கி வைத்தால் மணல் முதலிலும், வண்டல் அடுத்தும், களி இறுதியிலும் படியும்; தன் ஊர்மண்ணின் இயல்பை அவனே அளந்து சொல்வான். ஒரு மில்லிமீட்டர் மழை ஒரு சதுர மீட்டரில் விழுந்தால் ஓர் இலிட்டர் என்னும் ஒரே கணக்கைக் கற்பித்தாற் போதும். 100 சதுர மீட்டர்க் கூரையில் 900 மில்லிமீட்டர் மழை விழுந்தால் 90,000 இலிட்டர். 15 இலிட்டர்க் குடத்தில் 6,000 குடம். இத்தனை குடமும் தன் பள்ளிக் கூரையிலிருந்து சாக்கடைக்குப் போகின்றதென்று கண்ட பிள்ளை சும்மா இரான். மழைநீரைத் தேக்கும் அமைப்பைக் கட்டடந்தோறும் கட்டாயமாக்கி 2003-இற் சட்டம் வந்ததே, பள்ளிக் கட்டடத்தில் அது எங்கே என்று தலைமையாசிரியரைக் கேட்பான். கேட்கவேண்டும். அவ்வாறு கேட்கவைப்பதே கல்வி.

இக்கணக்கில் எந்தச் சொல் தமிழுக்கு அரிது? மணல், வண்டல், களி, அரிப்பு, ஊறல், கசிவு, வழிவு, தேக்கம் என எல்லாம் பிள்ளையின் வாயில் முன்னமே உள்ளவை. அயன்மொழியிற் கற்பவன் சொல்லையும் கற்கவேண்டும், பொருளையும் கற்கவேண்டும். தாய்மொழியிற் கற்பவனுக்குச் சொல்லே பொருளைக் காட்டிக்கொடுக்கும். இதனை அறிந்தும், 2012-13 கல்வியாண்டு முதல் அரசுப் பள்ளிகளிலேயே ஆங்கில வழிப் பிரிவுகளைப் பெருக்கினர். ஏழை உழவன் மகனையும் ஏரியினின்று பிரித்தாயிற்று.

ஆகலின் செய்யத்தக்கன இவை. முதலாவது, மண்ணும் நீரும் பற்றிய பாடங்கள் எல்லாப் பள்ளிகளிலும், எவ்வழிப் பள்ளியாயினும், தமிழிலேயே நடத்தப்பெறல் வேண்டும். இரண்டாவது, ஒவ்வொரு பள்ளியும் தன் ஊர் ஏரிக்கு ஒரு திணைப்படம் வரைதல் வேண்டும். வரத்துக்கால் தொடங்கிக் கடைமடை ஈறாக ஒவ்வோர் உறுப்பிற்கும் ஊரார் வழங்கும் பெயரை அதிற் பொறித்தல் வேண்டும். மூன்றாவது, ஆண்டுக்கு இருமுறை, மழைக்கு முன்னொன்றும் பின்னொன்றுமாக, மாணவர் கரைமேல் நடந்து கண்டதை எழுதி ஊரவைக்குத் தருதல் வேண்டும். நான்காவது, நீர்க்கட்டி, உழவர், கிணறு வெட்டுவோர் ஆகியோரை மதிப்புறு ஆசிரியராக அழைத்துப் பேசவைத்தல் வேண்டும். இவற்றிற்குத் தில்லியின் ஒப்புதல் வேண்டுவதில்லை. உலக வங்கிக் கடனும் வேண்டுவதில்லை. மனம் ஒன்றே வேண்டும்.

அரசு செய்யும்வரை காத்திருத்தல் தமிழன்பர்க்கு அழகன்று. ஊர்தோறும் முதியோர் உளர்; அவர்கள் நாவில் ஏரிச்சொற்கள் உள. ஒவ்வொரு முதியவர் மறையும்போதும் ஓர் அகரமுதலியின் சில ஏடுகள் எரிகின்றன. விடுமுறை நாள்களிற் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு கரைக்குச் செல்க. "இதன் பெயர் என்ன? ஏன் அப்பெயர்?" என்று அம்முதியோரைக் கேட்கச் செய்க. கேட்டதை எழுதிவைக்கச் செய்க.

அடுத்த கார்த்திகையில் ஏரி நிரம்பும். கலிங்கு வழியும். அன்று சாளரத்தைத் திறந்துவைத்து, ஒரு சிறுவன் எழுந்து, "ஐயா, கலிங்கு போகின்றது!" என்று சொல்வானாயின், அவ்வூரில் தமிழும் பிழைத்தது, நீரும் பிழைத்தது, மண்ணும் பிழைத்தது என்க.